1914 டிசம்பரில் தலைநகரமே கையில் இருந்தும் சபாட்டா ஏன் ஊருக்குத் திரும்பிப் போனார்?

இளவேனில் (கேள்வி)

வணக்கம். மூன்று மாதமாக மெக்சிகோ புரட்சியைப் பற்றி விட்டு விட்டுப் படித்துக்கொண்டிருக்கிறேன். ஒரு இடத்தில் வந்து மாட்டிக்கொண்டு நிற்கிறேன், தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

அந்தப் புகைப்படத்தை நீங்கள் எல்லோரும் பார்த்திருப்பீர்கள். 1914 டிசம்பர் 6, மெக்சிகோ நகரத்து தேசிய மாளிகை. ஜனாதிபதி நாற்காலியில் வடக்கத்திய புரட்சித் தளபதி பாஞ்சோ வியா வாயெல்லாம் பல்லாக உட்கார்ந்திருக்கிறார். பக்கத்தில் தெற்கத்திய விவசாயிகளின் தலைவர் எமிலியானோ சபாட்டா, முழங்காலில் அந்தப் பெரிய சோம்ப்ரேரோ தொப்பி. பின்னால் ஒரே கூட்டம், படத்துக்குள் வந்துவிட வேண்டும் என்று ஆளுக்கு ஆள் தலையை நீட்டுகிறார்கள். சபாட்டா முகத்தில் மட்டும் துளி சிரிப்பில்லை. எப்போது எழுந்து போகலாம் என்று காத்திருப்பவர் மாதிரி எனக்குப் படுகிறது. நாற்காலியில் உட்காரச் சொன்னதற்கு அவர் மறுத்துவிட்டார், இதைக் கொளுத்தினால்தான் பதவி ஆசை ஒழியும் என்றார் என்று ஒரு கதையும் உண்டு.

நான்கே வருடத்துக்கு முன்னால் ஒரு சின்ன ஊரின் தலைவராக இருந்தவர். இப்போது தலைநகரம் கையில். இருவருக்கும் எதிரியாகிவிட்ட இன்னொரு புரட்சித் தலைவர் கரான்சா வெராக்ரூஸ் துறைமுகத்துக்கு ஓடிவிட்டார். அப்படி ஒரு நேரத்தில் இவர் சில நாளிலேயே கிளம்பி சொந்த மாநிலமான மொரெலோஸுக்குத் திரும்பிவிடுகிறார். அதிலிருந்து நான்கு வருடம் நான்கு மாதத்தில் சுட்டுக் கொல்லப்படுகிறார், வயது 39.

ஒரு நண்பரிடம் கேட்டேன், அவர் பதவி ஆசை இல்லாத உத்தமர் என்றார். இன்னொருவர், அரசியல் தெரியாத நாட்டுப்புறத்து ஆள், கையில் கிடைத்ததை விட்டுவிட்டார் என்றார். இரண்டுமே எனக்கு ஒப்பவில்லை. வீழ்ச்சி அந்த டிசம்பரில்தான் தொடங்கியதா?


கரிசல்மண்

சகோ, நல்ல கேள்வி. ஆனால் 1914-ல் நின்றுகொண்டு பார்த்தால் விடை கிடைக்காது, 1909 செப்டம்பருக்குப் போக வேண்டும்.

அனெனெகுயில்கோ என்று ஒரு ஊர், சபாட்டாவின் ஊர், மெக்சிகோ நகரத்துக்குத் தெற்கே மொரெலோஸ் மாநிலத்தில். சுற்றிலும் கரும்பு. அசியெந்தா என்று சொல்லும் பெரும்பண்ணைகள் ஆலைகளுக்குப் புது இயந்திரம் போட்டன, ஆலைக்குக் கரும்பு போதவில்லை, அதனால் ஊர்ப் பொதுநிலம், மேய்ச்சல் நிலம், வாய்க்கால் தண்ணீர் என்று ஒவ்வொன்றாக வளைத்துக்கொண்டே வந்தன. மேலே போர்பிரியோ தியாஸ். 1876-ல் பிடித்த ஆட்சியை நடுவில் ஒரு நான்கு வருடம் தவிர 1911 வரை விடாத மனிதர். மனு போட்டாலும் வழக்குப் போட்டாலும் தீர்ப்பு பண்ணைக்காரன் பக்கம்தான்.

ஊர்ப் பெரியவர்கள் சளைத்துவிட்டார்கள். எங்களுக்கு வயதாகிவிட்டது, இனி ஓடியாட முடியாது, இளையவர்கள் பொறுப்பேற்கட்டும் என்று விலகினார்கள். அப்போது தலைவராக இருந்தவருக்கு 70-க்கு மேல். ஊர் கூடி அந்த இடத்துக்குத் தேர்ந்தெடுத்தது 30 வயது சபாட்டாவை. இவர் பரம ஏழை கிடையாது, கொஞ்சம் நிலம் உண்டு, கோவேறு கழுதைகள் உண்டு, தர்ப்பூசணி பயிரிட்டு நாலு காசு பார்த்தவர், குதிரை பழக்குவதில் அந்த வட்டாரம் முழுக்கப் பேர். வெள்ளிப் பொத்தான் வைத்த இறுக்கமான கால்சட்டையோடு சந்தைக்கு வந்தால் ஆட்கள் திரும்பிப் பார்ப்பார்கள். பெரியவர்கள் அவர் கையில் கொடுத்தது ஒரு பெட்டி. அதற்குள் ஊரின் நிலப் பத்திரங்கள், ஸ்பானியர் காலத்திலிருந்து சேர்த்து வைத்தவை. அவரும் ஊர்ச் செயலாளர் பிரான்சிஸ்கோ பிரான்கோவும் எட்டு நாள், சாப்பிடவும் தூங்கவும் மட்டும் எழுந்து, அந்தக் காகிதங்களையே புரட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தார்கள். சிலது பூர்வகுடிகளின் நவாட்டில் மொழியில் இருந்தது, அதைப் படித்துச் சொல்ல ஒரு பாதிரியாரைத் தேடிப் போக வேண்டியிருந்தது. புரட்சிக்காரராக மாறுவதற்கு முன்னால் அவர் செய்த வேலை இது.

1910-ல் விதைப்பு நேரம். உழுவதற்கு நிலம் இல்லை. பக்கத்துப் பண்ணை மேலாளரிடம் கேட்டதற்கு, விதைக்க ஆசையாக இருந்தால் பூந்தொட்டியில் விதைத்துக்கொள்ளச் சொல்லுங்கள் என்று பதில் வந்தது. சபாட்டா சுமார் 80 பேரைத் துப்பாக்கியோடு கூட்டிக்கொண்டு வயலுக்குப் போனார். அங்கே உழுதுகொண்டிருந்தவர்கள் பக்கத்து ஊர்க்காரர்கள், பண்ணை அவர்களுக்குக் குத்தகைக்கு விட்டிருந்தது. உங்களோடு எங்களுக்குச் சண்டை இல்லை, ஆனால் நிலம் எங்களுடையது, போய்விடுங்கள் என்று சொல்லி அனுப்பிவிட்டு ஊருக்குப் பிரித்துக் கொடுத்தார். ஒரு குண்டுகூட வெடிக்கவில்லை.

அதே வருடம் நவம்பரில், தேர்தலில் தியாஸை எதிர்த்து நின்ற மதேரோ தியாஸுக்கு எதிராக நாட்டையே எழச் சொன்னார். அவருடைய அறிக்கையில் பறித்த நிலத்தைத் திருப்பித் தருவதாக ஒரு வரி இருந்தது. சபாட்டாவுக்கு அந்த ஒரு வரி போதும். 1911 மார்ச்சில் எழுந்தார்கள். முதலில் தலைவராக இருந்தவர் டோரஸ் புர்கோஸ், அவர் கொல்லப்பட்டதும் பொறுப்பு இவர் தலையில் விழுந்தது. மே மாதம் குவாட்லா நகரத்தை ஆறு நாள் சண்டை போட்டுப் பிடித்தார்கள், மே 25-ல் தியாஸ் ராஜினாமா செய்துவிட்டு பாரிசுக்குக் கப்பலேறிவிட்டார்.

அப்புறம் ஜூனில் மதேரோவைச் சந்திக்கிறார். இந்த ஒரு காட்சிக்காகவே நான் இவ்வளவு நீளமாக எழுதுகிறேன். மதேரோ பொறுமை, படிப்படியாக, சட்டப்படி என்று பேசிக்கொண்டிருக்கிறார். சபாட்டா துப்பாக்கியோடு எழுந்து பக்கத்தில் வந்து, மதேரோவின் சட்டைப்பையில் தொங்கிய தங்கக் கடிகாரச் சங்கிலியைக் காட்டி, என்னிடம் ஆயுதம் இருக்கிறது என்பதால் இந்தக் கடிகாரத்தைப் பிடுங்கிக்கொள்கிறேன் என்று வையுங்கள், பிறகு ஒருநாள் நீங்களும் ஆயுதத்தோடு என்னைப் பார்த்தால் திருப்பிக் கேட்பீர்களா என்றார். நிச்சயம் கேட்பேன், நஷ்டஈடும் கேட்பேன் என்றார் மதேரோ. மொரெலோஸில் எங்களுக்கு நடந்ததும் அதுதான் என்றார் சபாட்டா. அவரோடு இருந்த கில்தார்தோ மகான்யா சொல்லி வந்த செய்தி இது.

முதலில் ஆயுதத்தைக் கீழே போடு, நிலத்தைப் பிறகு பார்க்கலாம் என்பதுதான் மதேரோ தரப்பின் பதில். ஆகஸ்டில் தளபதி வெர்தாவின் படை மொரெலோஸுக்குள் இறங்கியது. நவம்பரில் சபாட்டா அயாலா திட்டத்தை அறிவித்தார், எழுத உதவியவர் மொந்தான்யோ என்ற பள்ளி ஆசிரியர். பறித்த நிலம் உடனே ஊர்களுக்கு, பெரும்பண்ணைகளில் மூன்றில் ஒரு பங்கு நஷ்டஈட்டோடு எடுக்கப்படும், எதிர்த்து நிற்பவர்களுக்கு மிச்சமும் போகும்.

இப்போது உங்கள் டிசம்பருக்கு வாருங்கள். தியாஸ் போனார், மதேரோ வந்தார். 1913 பிப்ரவரியில் மதேரோவைக் கொன்றுவிட்டு வெர்தா வந்தார், 1914 ஜூலையில் அவரும் ஓடினார், அடுத்து கரான்சா. நாற்காலியில் ஆள் மாறிக்கொண்டே இருந்தது, அனெனெகுயில்கோவின் பெட்டிக்கு மட்டும் பதில் வரவில்லை. அந்த நாற்காலி மேல் அவருக்கு என்ன பிடிப்பு இருந்திருக்கும்? இரண்டு நாள் முன்னால், டிசம்பர் 4-ல், சோச்சிமில்கோவில் ஒரு பள்ளிக்கூடத்தில் வியாவைச் சந்தித்துப் பேசியது குறிப்பாக எழுதி வைக்கப்பட்டிருக்கிறது. நகரத்து நடைபாதையைப் பற்றிச் சொல்கிறார், அதில் நடந்தாலே விழுந்துவிடுவேன் போல இருக்கிறது என்று. ஜனங்களைப் பற்றிச் சொல்லும்போது, இந்த நிலம் உன்னுடையது என்று சொன்னால் அவர்கள் இன்னும் நம்பவில்லை, கனவு என்று நினைக்கிறார்கள் என்கிறார். எனக்கு அந்த வாக்கியத்தை எத்தனை முறை படித்தாலும் மனசு நிற்கும்.

ஆகவே பதவி ஆசை, அரசியல் ஞானம் இதெல்லாம் வைத்து அளக்காதீர்கள். ஊர் அவரை ஒரு வேலையாக அனுப்பியது, அந்த வேலை தலைநகரத்தில் இல்லை.


நிலவளவை

கரிசல்மண் சொன்னதன் தொடர்ச்சி என்னிடம் இருக்கிறது. சர்வே வேலையில் 19 வருடம் போட்டவன் நான். சபாட்டாவைப் பற்றி யார் பேசினாலும் குதிரை, துப்பாக்கி, மீசை என்று போய்விடுகிறார்கள். 1915-ல் மொரெலோஸில் நடந்ததைப் பேசுவதே இல்லை.

டிசம்பரில் திரும்பிப் போய் என்ன செய்தார் தெரியுமா? அளந்தார். வியாவும் சபாட்டாவும் ஆதரித்த அரசில் வேளாண் அமைச்சராக இருந்த, சபாட்டாவின் ஆள் பலஃபோக்ஸ் தேசிய வேளாண் பள்ளியில் படித்து முடித்த இளைஞர்களை மொரெலோஸுக்கு அனுப்பினார். அவர்கள் ஊர் ஊராகப் போய் எல்லை குறிக்க வேண்டும். ஊருக்கும் பண்ணைக்கும் நடுவே தகராறு என்றால் சுலபம், ஊருக்கும் ஊருக்கும் நடுவே வந்தால்தான் தலைவலி, இது எந்த நாட்டிலும் ஒன்றுதான், காட்டுக்குள் ஒரு விறகு வெட்டும் மேட்டுக்காக இரண்டு ஊர் நாற்பது வருடம் பேசாமல் இருக்கும்.

யாவுதெபெக் பக்கம் அப்படி ஒரு தகராறு. சபாட்டாவே நேரில் வந்தார். பெரியவர்களைக் கூட்டி, அவர்கள் சொல்வதை மரியாதையோடு கேட்டுவிட்டு, இளம் பொறியாளர்களிடம் ஒரு கல்வேலியைக் காட்டினார். ஊர்க்காரர்கள் இதுதான் எல்லை என்கிறார்கள், இதை ஒட்டியே கோடு போடுங்கள். உங்களைப் போன்ற பொறியாளர்களுக்கு நேர்கோடு என்றால் ரொம்பப் பிடிக்கும், ஆனால் எல்லை இந்தக் கல்வேலிதான், அதன் நெளிவு சுளிவு எல்லாவற்றையும் அளக்க ஆறு மாதம் ஆனாலும் சரி. இதுதான் அவர் சொன்னதன் சாரம்.

இதைப் படித்த அன்று ராத்திரி எனக்குத் தூக்கம் வரவில்லை. வேலையில் சேர்ந்த புதிதில் ஒரு வாய்க்கால் ஓரத்து எல்லையை நான் நேர்கோடாக இழுத்துப் போட்டிருக்கிறேன், மூன்று வளைவு இருந்தது, வெயில், மேலே இருந்தவர் சீக்கிரம் முடி என்றார். அந்த வளைவுக்குள் ஒரு பாட்டியின் இரண்டு சென்ட் இருந்தது. அளந்து முடிக்கும்வரை சங்கிலி பக்கத்திலேயே நின்றுகொண்டிருந்தார், ஒன்றும் சொல்லவில்லை.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். நிலம் ஊருக்குப் போனதும் ஜனங்கள் கரும்பை விட்டுவிட்டு மக்காச்சோளம், பீன்ஸ், கொண்டைக்கடலை என்று விதைத்தார்கள், மொரெலோஸ் வயிறாரச் சாப்பிட்ட வருடம் 1915. சபாட்டாவுக்கு ஆலைகளையும் ஓட்ட வேண்டும் என்று ஆசை. வெறும் மிளகாயும் வெங்காயமும் தக்காளியும் போட்டுக்கொண்டிருந்தால் ஏழ்மையிலிருந்து மீளவே முடியாது, கரும்பும் போடுங்கள் என்று சொல்லிப் பார்த்தார், சில ஆலைகளைப் படையின் செலவுக்காக ஓட்டவும் செய்தார். ஆனால் ஜனங்களைக் கட்டாயப்படுத்தவில்லை. தலைநகரத்து நாற்காலிக்குச் சண்டை போட்டவர்கள் அந்த வருடம் இப்படி ஊர் ஊராக நிலம் பிரித்துக் கொடுக்கவில்லை, இவர் கொடுத்தார். வீழ்ச்சி 1914-ல் தொடங்கியது என்று நீங்கள் சொல்லும்போது எனக்கு அதுதான் உறுத்துகிறது, அவர் எட்டிய உச்சமே அந்த 1915.


செவ்வந்தி

இரண்டு பதிலையும் ஆசையாகப் படித்தேன். ஆனால் இருவரும் ஒரு பக்கத்தை மட்டும் சொல்கிறீர்கள். திரும்பிப் போனது அவராகத் தேர்ந்தெடுத்தது என்பது உண்மை, வேறு வழியும் பெரிதாக இல்லை என்பதும் உண்மை.

டிசம்பரிலேயே வியாவோடு போட்ட ஒப்பந்தம் பிசுபிசுத்துவிட்டது. சபாட்டா கிழக்கே புவெப்லாவைப் பிடிக்க வேண்டும், அதற்கு வியா பீரங்கி தர வேண்டும் என்று பேச்சு. பீரங்கி காலத்தில் வரவில்லை. இருந்தும் புவெப்லாவைப் பிடித்தார்கள், ஜனவரி தொடக்கத்திலேயே கரான்சாவின் தளபதி ஒப்ரேகோன் திரும்ப எடுத்துக்கொண்டார். அதே டிசம்பரில் சபாட்டா தரப்புப் பேச்சாளர் பவுலினோ மார்த்தினெஸை தலைநகரத்திலேயே வியாவின் ஆட்கள் கொன்றுவிட்டார்கள். இப்படிப்பட்ட கூட்டாளியை நம்பி யார் நகரத்தில் உட்கார்ந்திருப்பார்?

அடுத்தது ஆயுதம். கரான்சாவிடம் வெராக்ரூஸ் இருந்தது, துறைமுகம் என்றால் சுங்க வருமானம், வெளிநாட்டுத் துப்பாக்கி, தோட்டா. மொரெலோஸுக்குக் கடலும் இல்லை, அமெரிக்க எல்லையும் இல்லை. சபாட்டாவின் ஆட்கள் சுட்டு முடித்த தோட்டா உறைகளைப் பொறுக்கி வந்து, மின்கம்பியிலிருந்து வெட்டிய செம்புத் துண்டுகளை அதில் செருகி மறுபடி சுட்டார்கள். எதிரில் இருந்த ஒப்ரேகோன் 1915 ஏப்ரலில் செலாயாவில் முள்கம்பி, பதுங்குகுழி, இயந்திரத் துப்பாக்கி வைத்து வியாவின் குதிரைப்படையையே சல்லடையாக்கினார். வியா விழுந்ததும் மொத்தப் பாரமும் தெற்கே திரும்பியது.

எனக்குப் பெரிய வருத்தம் இன்னொன்று. நகரத்துத் தொழிலாளிகள். அவர்களுடைய சங்கம் 1915-ல் கரான்சாவோடு சேர்ந்து, சிவப்புப் படைப்பிரிவுகள் என்ற பெயரில் விவசாயிகளுக்கு எதிராகவே சண்டைக்குப் போனது. சபாட்டாவின் ஆட்கள் குவாதலூப்பே மாதா படம் போட்ட கொடியோடு நகரத்துக்குள் வந்து, வீட்டு வாசலில் தொப்பியைக் கழற்றி நின்று சாப்பாடு கேட்டவர்கள். தொழிலாளிகளுக்கு அவர்கள் பக்திமான் பட்டிக்காட்டான்களாகத் தெரிந்தார்கள். அந்தச் சுவரை இடிக்க சபாட்டாவும் முயலவில்லை, அவருடைய பேச்சு நிலத்தோடு நின்றது, கூலி, வேலை நேரம், வாடகை இதற்கெல்லாம் அயாலா திட்டத்தில் இடம் இல்லை. ஊர் அனுப்பிய ஆள் என்று கரிசல்மண் பெருமையாகச் சொன்னீர்களே, அதே காரணத்தால்தான் ஊருக்கு வெளியே இருந்தவர்களை அவரால் சேர்க்க முடியாமல் போனது.

1916-ல் கரான்சாவின் இன்னொரு தளபதி பாப்லோ கொன்சாலெஸின் படை மொரெலோஸுக்குள் வந்தது. மே மாதம் குவர்னவாக்கா விழுந்தது. ஜூனில் சபாட்டாவின் தலைமையிடமாக இருந்த ட்லால்திசபானில் 286 பேரைக் கொன்றார்கள், பெண்கள், குழந்தைகள் எல்லாம் அதில் அடக்கம். ஆட்களைப் பிடித்து வண்டி வண்டியாக வெளியூருக்கு அனுப்பினார்கள், ஆலை இயந்திரத்தையும் கழற்றிப் பழைய இரும்பாக எடுத்துப் போனார்கள். சபாட்டா மலைக்குப் போய் மறுபடி எழுந்தார், 1917 தொடக்கத்தில் ஊர்கள் திரும்பக் கிடைத்தன, ஆனால் 1915 திரும்பக் கிடைக்கவில்லை.

பசியில் ஆட்கள் ஒருவரையொருவர் சந்தேகிக்கத் தொடங்கினார்கள். 1917 மே மாதம் மொந்தான்யோவைத் துரோகி என்று விசாரித்துச் சுட்டுக் கொன்றார்கள். அயாலா திட்டத்தை எழுதிய அதே பள்ளி ஆசிரியர்தான். கடைசி வரை நான் நிரபராதி என்றார். சபாட்டா நினைத்திருந்தால் தடுத்திருக்கலாம் என்றுதான் நான் நம்புகிறேன், அதை மன்னிக்க எனக்கு மனசு வரவில்லை. அடுத்த மாதமே அண்ணன் யூஃபெமியோ. குடித்துவிட்டு ஒரு கிழவரை அடித்தார், அடிபட்டவரின் மகன் சபாட்டாவின் படையிலேயே அதிகாரி, அவர் வந்து யூஃபெமியோவைச் சுட்டுவிட்டு எதிரி பக்கம் போய்விட்டார். பலஃபோக்ஸும் பிறகு பிரிந்து போனார். தங்களைக் காப்பாற்ற வந்த துப்பாக்கிக்காரர்களுக்கே சோறு போட்டு ஊர்கள் அலுத்துவிட்டன, 1918-ல் விஷக்காய்ச்சல் வேறு வந்து வாரிக்கொண்டு போனது.

வீழ்ச்சி எப்போது என்று கேட்டால் நான் 1917 மே என்பேன்.


இளவேனில்

இவ்வளவு எதிர்பார்க்கவில்லை, எல்லோருக்கும் நன்றி. மொந்தான்யோ விஷயம் எனக்குத் தெரியவே தெரியாது, படித்துவிட்டுக் கொஞ்ச நேரம் அப்படியே உட்கார்ந்திருந்தேன்.

இன்னும் ஒரு கேள்வி. மதேரோவையே நம்பாதவர், வெர்தா ஆட்சியில் சமாதானம் பேச வந்த, வெர்தா பக்கம் சேர்ந்த வடக்கத்திய தலைவர் ஓரோஸ்கோவின் அப்பாவைப் பிடித்துச் சுட்டவர், கூட இருந்த ஆசிரியரையே சந்தேகித்தவர். அப்படிப்பட்ட ஆள் குவஹார்தோ என்ற எதிரிப் படை கர்னலை எப்படி நம்பினார்?


கரிசல்மண்

செவ்வந்தி, ஊர் என்ற எல்லையைப் பற்றி நீங்கள் சொன்னது எனக்கு உறைத்தது. தொழிலாளிகள் விஷயத்தில் மறுப்பதற்கு என்னிடம் ஒன்றும் இல்லை.

இளவேனில், குவஹார்தோவை அவர் தேடிப் போனதற்குக் காரணம் வறட்சிதான். ஆளும் இல்லை, தோட்டாவும் இல்லை. 1919 மார்ச்சில் கரான்சாவுக்கு ஒரு பகிரங்கக் கடிதம் எழுதுகிறார், ஜனாதிபதி என்றுகூட விளிக்காமல் குடிமகன் கரான்சா என்று தொடங்கி, நீங்கள் சொன்ன நிலம் எங்கே என்று கேட்கிறார். அதே மாதம்தான் குவஹார்தோவுக்கும் மேலதிகாரி பாப்லோ கொன்சாலெஸுக்கும் தகராறு, அவரைச் சிறையில் வைத்தார்கள் என்று செய்தி வருகிறது. எங்கள் பக்கம் வந்துவிடு என்று சபாட்டா ஒரு கடிதம் அனுப்பினார். அது கொன்சாலெஸ் கையில் சிக்கிவிட்டது. அதைக் காட்டி, நீ துரோகி என்று சொல்லி மிரட்டி, தப்ப வேண்டுமென்றால் இந்த வேலையை முடி என்று குவஹார்தோவைத் தயார் செய்துவிட்டார்கள்.

சபாட்டா சும்மா நம்பவில்லை, சோதனை வைத்தார். தன் படையிலிருந்து கட்சி மாறிப் போய் ஊர்களுக்குக் கொடுமை செய்த பார்செனாஸின் ஆட்களைப் பிடித்துக் காட்டு என்றார். குவஹார்தோ ஹொனகாத்தெபெக்கைப் பிடித்து 59 பேரைச் சுட்டுக் கொன்றார். அவர்களும் அந்த நேரத்தில் அரசு பக்கத்து ஆட்கள்தான், தன் பக்கத்து ஆட்களையே ஒருவன் இப்படிக் கொல்வானா, உண்மையாகத்தான் வருகிறான் என்றுதானே யாரும் நினைப்பார்கள். அன்று சாயங்காலம் இருவரும் சந்திக்கிறார்கள். ஆளுக்கு 30 பேரோடு வருவது என்று பேச்சு, குவஹார்தோ 600 பேரோடும் ஒரு இயந்திரத் துப்பாக்கியோடும் வந்து நின்றார். அங்கேயே திரும்பிப் போயிருக்க வேண்டும். ஆனால் குவஹார்தோ ஒரு குதிரையைப் பரிசாகக் கொடுத்தார், செம்பழுப்பு நிறம், பெயர் ஆஸ் தே ஓரோஸ், சீட்டுக்கட்டு ஏஸின் பெயர். குதிரை பழக்குகிறவருக்கு என்ன கொடுக்க வேண்டும் என்று தெரிந்து கொடுத்திருக்கிறார்கள்.

மறுநாள் ஏப்ரல் 10, சினமேக்கா பண்ணை. காலையிலிருந்து வெளியே ஒரு கடையில் பேசினார்கள். எதிரிப் படை வருகிறது என்று வதந்தி வந்து சபாட்டா சுற்றிப் பார்த்துவிட்டுத் திரும்பினார். உள்ளே சாப்பிட வாருங்கள் என்று கூப்பிட்டுக்கொண்டே இருந்தார்கள், அவர் வெளியிலேயே பீர் குடித்துக்கொண்டு தள்ளிப்போட்டார். மதியம் இரண்டு மணி தாண்டி, சரி போகலாம் என்று அந்தப் புதுக் குதிரை மேல் ஏறினார். பத்துப் பேர் மட்டும் கூட. மிச்சப் பேர் மர நிழலில், துப்பாக்கியை உறையில் போட்டுவிட்டுப் படுத்துக்கிடந்தார்கள். வாசலில் மரியாதை அணிவகுப்பு. எக்காளம் மூன்று முறை ஊதியது. மூன்றாவது ஊதி முடிந்த நொடி, மரியாதைக்காகத் தூக்கிய துப்பாக்கிகளாலேயே சுட்டார்கள். அவர் கை தன் துப்பாக்கியைத் தொடக்கூட நேரம் கிடைக்கவில்லை.

உடலைக் கோவேறு கழுதை மேல் போட்டு குவாட்லாவுக்குக் கொண்டு போனார்கள். 1911-ல் ஆறு நாள் சண்டை போட்டு அவர் பிடித்தாரே, அதே குவாட்லா. செத்தது அவர்தான் என்று ஊரே பார்க்கட்டும் என்று கிடத்திப் படமும் எடுத்தார்கள். குவஹார்தோவுக்குப் பதவி உயர்வு, கூடவே 50,000 பெசோ.

அப்படிக் காட்டியும் மொரெலோஸ் ஜனங்கள் நம்பவில்லை. முகத்தில் மச்சம் இல்லை, விரலில் காயம் இல்லை, அது வேறு ஆள், அவர் அரேபியாவுக்குப் போய்விட்டார், குதிரையை மலை மேல் பார்த்தேன் என்று பல வருடம் சொல்லிக்கொண்டே இருந்தார்கள்.


தூறல்

குறுக்கே வருவதற்கு மன்னிக்கவும், ஒரு சின்னத் தகவல். சபாட்டாவின் கடைசி இரண்டு வருடத்தில் நம் நாட்டுக்காரர் ஒருவர் மெக்சிகோ நகரத்தில் இருந்தார், எம்.என். ராய். 1917-ல் அமெரிக்காவிலிருந்து தப்பி வந்து, 1919-ல் மெக்சிகோ கம்யூனிஸ்ட் கட்சி உருவாகக் காரணமானவர்களில் ஒருவர். அவருக்கு நல்ல உறவு இருந்தது கரான்சா தரப்போடுதான். கொஞ்சத் தூரத்தில் இருந்த மொரெலோஸ் விவசாயிகளோடு இல்லை. செவ்வந்தி சொன்ன சுவர் எவ்வளவு உயரம் என்று இதிலும் தெரிகிறது.


செவ்வந்தி

தூறல், இது எனக்குப் புதிது, நன்றி.

கொன்றவர்கள் நிலைமையையும் சொல்லிவிடுகிறேன். கரான்சா 1920 மே மாதம் தப்பி ஓடும்போது மலைக்கிராமம் ஒன்றில் சுட்டுக் கொல்லப்பட்டார். குவஹார்தோ அதே வருடம் ஜூலையில் கலகம் செய்து பிடிபட்டு மரண தண்டனை பெற்றார். பாப்லோ கொன்சாலெஸ் நாட்டை விட்டே போனார். தலைநகரத்துக்குள் ஒப்ரேகோன் நுழைந்தபோது கூடக் குதிரையில் வந்தவர் சபாட்டாவின் பழைய தளபதி ஹெனோவேவோ தெ லா ஓ. அந்தக் கூட்டணிக்கு விலையாக மொரெலோஸ் ஊர்களுக்கு 1920களில் நிலம் கிடைத்தது. அதற்கு முன்பே, சபாட்டாவை வேட்டையாடிக்கொண்டிருந்த அதே ஆட்கள் எழுதிய 1917 அரசியல் சட்டத்தின் 27-ஆம் பிரிவில் ஊர்ப் பொதுநிலம் ஏறிவிட்டது. 1930களில் ஜனாதிபதி கார்தெனாஸ் காலத்தில் நாடு முழுக்க ஏறக்குறைய 1 கோடியே 80 லட்சம் ஹெக்டேர் பிரித்தார்கள். 1992-ல் அந்தப் பிரிவை மாற்றி ஊர்ப் பொதுநிலத்தை விற்க வழி செய்தார்கள், 1994 ஜனவரி 1-ல் சியாபாஸ் காட்டிலிருந்து அவருடைய பெயரை வைத்துக்கொண்டு ஒரு படை வந்தது. அது தனி இழை போட வேண்டிய விஷயம்.


இளவேனில்

கண்டிப்பாகத் தனி இழை போடுகிறேன். கடைசியாக ஒன்று, எல்லோரும் கேட்க விட்டது. அந்தப் பெட்டி என்ன ஆனது? ஊர் எரிந்தபோது அதுவும் போய்விட்டதா?


நிலவளவை

போகவில்லை. சண்டை முற்றியபோது சபாட்டா அதை நம்பிக்கையான கையில் ஒப்படைத்துவிட்டார், பிறகு காத்தவர் பிரான்கோ, 1909-ல் அவரோடு எட்டு நாள் உட்கார்ந்து படித்த அதே செயலாளர். ஊர் எரிந்தது, ஆட்கள் மலைக்கு ஓடினார்கள், சபாட்டா செத்தார், பிரான்கோ காகிதங்களை விடவில்லை. இருபது வருடத்துக்கு மேல் கழித்து ஓர் ஆய்வாளர் ஊருக்கு வந்து சபாட்டாவைப் பற்றி விசாரித்தபோது, அந்தக் கிழவர் பெட்டியை எடுத்து வந்து அவர் முன்னால் திறந்து வைத்தார்.